சிறைக்குள் எழுதிய படம்

'லா கிறாண்ட் இலூசியோன்' (1937) என்றால் இயக்குநர் ழான் றெனுவாரைத்தான் சொல்வார்கள். அவரோடு சேர்ந்து திரைக்கதை எழுதிய சார்ள்ஸ் ஸ்பாக்கைக் கேட்டால் முழிப்பார்கள். பிரசெல்சில் பிறந்து, 1928இல் பாரிசுக்கு வந்தவர். யுத்தக் கைதிகளின் கதையை எழுதிய அவரே, ஜேர்மனியரின் பிடியில் பாரிஸ் கிடந்த 1943இல் கைதியானார். அவர்கள் தேடியது அவருடைய சகோதரரின் மனைவி சூசானை. யூதப் பிள்ளைகளை ஒளித்துக் காப்பாற்றியவர். உறவினர் என்பதற்காகப் பிடிபடுவது எங்களுக்குப் புதிதா? ஃபிரேன் சிறைக்குள் இருந்தபடியே ஜேர்மனியரின் கொன்டினென்டல் கம்பனிக்கு ஒரு படம் எழுதிக் கொடுத்தார் ஸ்பாக். எதிரிக்கு எழுதினாரே என்பீர்கள். கணக்குப் பார்ப்பது என் தொழில். இந்தக் கணக்கை நான் பார்க்கமாட்டேன். அதே சிறையில் 1944 ஓகஸ்ட் 12இல் சூசானைச் சுட்டார்கள். பாரிஸ் விடுதலையானது 13 நாள் கழித்து.