குப்பைமேடு ஆகாமல் தப்பிய குழி



செத்துப்போன உயிர்களில் மிகமிகச் சிலவே புதைபடிவம் ஆகின்றன. அதிலும் எலும்பு, பல், ஓடு மாதிரி கெட்டியானவைதான் பெரும்பாலும் மிஞ்சும். தோலும் தசையும் மட்கிவிடும். ஆனால் சில இடங்களில் இறகு, முடி, வயிற்றில் கிடந்த கடைசி உணவு வரை தங்கிவிடுகிறது. அப்படிப்பட்ட இடத்தைத் தொல்லுயிரியலாளர்கள் 'லாகர்ஷ்டெட்டே' என்கிறார்கள். கனிமப் படிவுகளுக்கு ஜெர்மன் சுரங்கத் துறையினர் வைத்திருந்த பெயர் அது. 1970-இல் அதைப் புதைபடிவங்களுக்குக் கொண்டுவந்தவர் அடால்ஃப் சைலாக்கர்.

இரண்டு வகை சொன்னார் அவர். எலும்பும் ஓடும் குவியல் குவியலாகக் கிடக்கும் இடம் ஒன்று; எண்ணிக்கை குறைந்தாலும் உடல் முழுதாகக் காக்கப்பட்ட இடம் மற்றது. இன்று பலரும் இந்த இரண்டாவதையே மனதில் வைத்துப் பேசுகிறார்கள்.

ஜெர்மனியின் மெஸ்ஸல் குழி அதற்குப் பேர்போனது. சுமார் 4.8 கோடி ஆண்டுகளுக்கு முன் எரிமலை வெடிப்பால் உண்டான ஏரி அது. அடியாழத்தில் ஆக்சிஜன் இல்லை. மூழ்கிய உடலைத் தின்னவோ கலைக்கவோ அங்கே பிராணிகள் கிடையாது. நுண்ணிய சேறு மெல்ல மூடிக்கொண்டது. வயிற்றில் குட்டியோடு இறந்த சிறு குதிரை, உலோகப் பளபளப்பு மாறாத வண்டு எல்லாம் அங்கே கிடைத்திருக்கின்றன.

எண்ணெய்ப் பாறை வெட்டி முடித்த பிறகு அந்தக் குழியில் என்ன செய்யத் திட்டமிட்டார்கள் தெரியுமா? குப்பை கொட்ட! கேட்கவே வயிறு எரிகிறது. நல்ல காலம், எதிர்ப்பு வலுத்தது. 1991-இல் ஹெஸ்ஸே மாநில அரசு குழியை வாங்கியது. 1995-இல் யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியப் பட்டியலிலும் மெஸ்ஸல் சேர்ந்தது.