கிரேக்க எழுத்தாளர் கசான்ட்சாகிஸ்
(ஆண்டு விழாச் சொற்பொழிவு)

 

கிரேக்க நாடென்றதும் சாக்ரடீசும் பிளேட்டோவும் நம் நினைவிற்கு வருவர். யான் இன்று கூறப் புகுவது, அண்மைக் காலத்தவராகிய நிக்கோஸ் கசான்ட்சாகிஸ் என்பாரைப் பற்றி.

துருக்கியர் ஆட்சியிலிருந்த கிரீட் தீவில் 1883-இல் பிறந்த இவர், ஏதென்ஸில் சட்டம் பயின்று, பாரிசில் பெர்க்சனிடம் தத்துவம் கேட்டவர். மக்கள் பேசும் மொழியே இலக்கிய மொழியாதல் வேண்டுமென வாதாடிய அணியைச் சேர்ந்தவர். (அதனை யான் செந்தமிழிற் சொல்லிக்கொண்டிருப்பது வேறு செய்தி!) வீடு திரும்பிய ஹோமரின் நாயகன் மீண்டும் புறப்பட்டுச் செல்லும் கதையை அம்மொழியிலேயே 33,333 அடிகளில் பாடி, 1938-இல் வெளியிட்டார். ஆயினும் உலகம் அவரை அறிந்தது 'சோர்பா' நாவலால்தான். தம்முடன் நிலக்கரிச் சுரங்கத்தில் உழைத்த ஒரு தொழிலாளியையே அதில் நாயகனாக்கினார்.

அவரைப் பெரும் பூசலில் ஆழ்த்தியது 'இறுதிச் சோதனை' என்னும் நாவல். சிலுவையில் தொங்கும் இயேசுவுக்கு, மனைவி மக்களோடு அமைதியாக வாழ்ந்து முதுமையுறுவதாக ஒரு கனவு தோன்றுகிறது. அக்கனவே சோதனை. அதனை அவர் உதறிவிட்டுச் சிலுவையையே ஏற்கிறார். சோதனை வந்ததாக எழுதியதைக் கண்டு சினந்தோர் பலர். அது வெல்லப்பட்டதைப் படித்தோர் சிலரே என்பது என் கருத்து. மெய்யான ஆசையில்லாதவனுக்குத் துறவில் என்ன பெருமை? 1954-இல் வத்திக்கான் அந்நூலை விலக்கப்பட்ட நூல்களின் பட்டியலிற் சேர்த்தது. அப்பட்டியலே 1966-இல் வலுவிழந்தது. 1988-இல் அக்கதை திரைப்படமானபோதோ, பூசல் மீண்டும் மூண்டது.

கிரேக்கத் திருச்சபை அவரை விலக்கிவிட்டதாகப் பலர் எழுதுவர். அது பிழை. விலக்க வேண்டுமென்ற முயற்சி எழுந்தது உண்மை, முறைப்படி விலக்கப்படவில்லை. 1957 அக்டோபர் 26-இல் ஜெர்மனியில் அவர் மறைந்தபின், உடல் கிரீட்டுக்குக் கொண்டுவரப்பட்டது. ஹிராக்லியோன் பேராலயத்தில் வழிபாடு நடந்தது. ஆனால் அடக்கம் செய்யப்பட்டதோ கல்லறைத் தோட்டத்திலன்று. நகர மதிலின்மேலுள்ள கொத்தளத்தில். அங்கே ஒரு மரச்சிலுவை நிற்கிறது. கீழுள்ள கல்லிலோ, எதிர்பார்ப்பும் அச்சமும் நீங்கித் தாம் விடுதலை பெற்றதாகக் கூறும் அவருடைய சொற்கள் பொறிக்கப்பட்டிருக்கின்றன.