பள்ளத்தூர் தந்த ஆச்சி
(கூட்டமைப்பு ஆண்டு விழாவில் பேசியதன் எழுத்து வடிவம்)



"சாதித்த பெண்மணி ஒருவரைப் பற்றிப் பேசு"ன்னு சொன்னாங்க. நான் ரொம்ப தூரம் போகலை. நம்ம மாவட்டத்துப் பள்ளத்தூர்ல வளர்ந்த மனோரமா ஆச்சியைப் பற்றித்தான் பேசப்போறேன். கின்னஸ், பத்மஸ்ரீ எல்லாம் உங்களுக்குத் தெரியும். அதுக்கு முந்தின கதைதான் நமக்கு வேண்டியது.

அவர் 1937இல் மன்னார்குடியில் பிறந்தவர். இயற்பெயர் கோபிசாந்தா. அப்பா கைவிட்டுவிட, அம்மா ராமாமிர்தம் மகளோடு பள்ளத்தூர் வந்து வீட்டு வேலை செய்து பிழைத்தார். அம்மாவுக்கு உடம்பு முடியாமல் போனதும் மகளின் படிப்பு நின்றது. அந்தச் சின்ன வயசிலேயே அவரும் வீட்டு வேலைக்குப் போனார்.

அவர் கையில் இருந்த ஒரே சொத்து குரல். நல்லாப் பாடுவார். அதுவே நாடக மேடைக்குக் கொண்டுபோனது. மனோரமா என்ற பெயரும் நாடகத்தில் கிடைத்ததுதான். பிறகு எஸ்.எஸ்.ராஜேந்திரன் நாடக மன்றத்தில் சேர்ந்து 'மணிமகுடம்' போன்ற நாடகங்களில் நடித்தார். இடையில் கல்யாணம். அதுவும் நிலைக்கலை. கைக்குழந்தையோடு தனியா நின்றார். அம்மாவுக்கு நேர்ந்ததே மகளுக்கும் நேர்ந்தது. ஆனாலும் மேடையை விடலை.

1958இல் கண்ணதாசன் 'மாலையிட்ட மங்கை' படத்தில் வாய்ப்புக் கொடுத்தார். கதாநாயகி வேஷம் இல்லை, சிரிப்பு வேஷம். மனோரமாவுக்குத் தயக்கம். கதாநாயகின்னா சில வருஷம்தான், நகைச்சுவைன்னா காலத்துக்கும் நிற்கலாம் என்று கவிஞர் தைரியம் சொன்னாராம். 1963இல் 'கொஞ்சும் குமரி'யில் கதாநாயகியாகவும் நடித்தார். 1968இல் 'தில்லானா மோகனாம்பாள்' ஜில் ஜில் ரமாமணியை யார் மறப்பாங்க? ஆயிரம் படத்தைத் தாண்டி, சின்னத்திரைக்கும் வந்தார்.

இதை ஏன் சொல்றேன்? 2009இல் என் வீட்டுக்காரர் போயிட்டார். செத்துப் போகலை, விட்டுட்டுப் போயிட்டார். கிரைண்டர் வாங்க குழுவில் 15,000 ரூபாய் உள்கடன் கேட்டேன். "ஆம்பளை இல்லாத வீடு, யார் கட்டுவா? வீட்டுக்காரர் கையெழுத்து வேணுமே"ன்னாங்க. மூணு கூட்டம் தலையைக் குனிந்து உட்கார்ந்திருந்தேன். நாலாவது கூட்டத்தில் பக்கத்து வீட்டு அக்கா, "அவ மாவு அரைக்கப் போறாளா, அவ புருஷன் அரைக்கப் போறானா?"ன்னு கேட்டாங்க. எல்லாரும் சிரிச்சுட்டாங்க. கடன் வந்தது. 20 தவணை, ஒண்ணுகூடத் தவறலை. இன்னிக்கு ஆறு கடைக்கு மாவு போடுறேன்.

நல்லாப் பாடுற பொண்ணைப் பார்த்து "உன் புருஷன் எங்கே"ன்னு கேட்டிருந்தா, நமக்கு ஆச்சி கிடைச்சிருப்பாங்களா?

இப்பவும் ஒரு தங்கச்சியோட மனு நம்ம பெட்டியில் கிடக்கு. தையல் மெஷினுக்குக் கேட்டிருக்கு. இடுப்பில் பிள்ளை, கணவர் கையெழுத்து இல்லை. இன்னிக்கு விழா முடிஞ்சதும் தீர்மானப் புத்தகத்தை எடுங்க. இனி கணவர் கையெழுத்து கேட்பதில்லைன்னு எழுதுங்க. முதல் கையெழுத்து நான் போடுறேன்.