சத்தம் போடாத நடிகர்

(முன்னாள் மாணவர் சந்திப்பில் ஆற்றிய உரை)

 

"வேலையைப் பத்தி எல்லாரும் பேசிடுவாங்க, நீ ஏதாவது சினிமா பத்திப் பேசுப்பா" என்று செயலாளர் அண்ணன் சொல்லிவிட்டார். சினிமா என்றதும் நீங்கள் எதிர்பார்க்கும் பெயர்கள் வேறு. நான் பேச வந்திருப்பது ழான் லூயி டிரின்டின்யான் என்ற பிரெஞ்சு நடிகரைப் பற்றி. பெயரைச் சொன்னால் நாக்கு சுளுக்கும். நடிப்போ அவ்வளவு எளிமை!

1930-ல் தென் பிரான்சில் பிறந்தார். கார் பந்தயக் குடும்பம். தந்தையின் சகோதரர்களில் ஒருவரான லூயி 1933-ல் பந்தயப் பயிற்சியில் உயிரிழந்தார். இன்னொருவரான மோரிஸ் 1955-லும் 1958-லும் மொனாக்கோ கிராண்ட் பிரீயை வென்றவர். நம் ஆள் சட்டம் படிக்கப் போனார். அங்கே மொலியேரின் 'கருமி' நாடகத்தில் ஷார்ல் துல்லன் நடிப்பதைப் பார்த்தார். அவ்வளவுதான், சட்டப் புத்தகத்தை மூடிவிட்டுப் பாரிசுக்குக் கிளம்பிவிட்டார். கூச்ச சுபாவம் உள்ள பையன், மேடை ஏற ஆசைப்பட்டான்!

பல்திறன் நடிகர் என்றால் நமக்கு ஒட்டுத் தாடி, கூன் முதுகு, பத்து வேஷம் ஞாபகம் வரும். இவரிடம் அதெல்லாம் கிடையாது. எந்தப் படத்திலும் அதே முகம், அதே தணிந்த குரல். ஆனால் ஆள் மாறிவிடுவார். 1966-ல் 'ஓர் ஆணும் ஒரு பெண்ணும்' படத்தில் மனைவியை இழந்த பந்தய ஓட்டுநர். 1968-ல் 'தி கிரேட் சைலன்ஸ்' படத்தில் பேச முடியாத துப்பாக்கி வீரன். படம் முழுக்க ஒரு வசனமும் இல்லை. 1970-ல் பெர்டோலுச்சியின் 'தி கன்ஃபார்மிஸ்ட்' படத்தில், ஊரோடு ஒத்துப்போக வேண்டும் என்பதற்காகவே பாசிஸ்டாக மாறும் கோழை.

1969-ல் வந்த 'இஸட்' படத்தில் கொலை வழக்கை விசாரிக்கும் இளம் நீதிபதி. மார்பு நிறையப் பதக்கம் குத்திய அதிகாரிகள் ஒவ்வொருவராக வருகிறார்கள். இவர் குரலை உயர்த்துவதே இல்லை. பெயர் என்ன, தொழில் என்ன என்று ஒரே தொனியில் கேட்டு, குற்றச்சாட்டைப் பதிவு செய்கிறார். கான் விழாவில் சிறந்த நடிகர் விருது அதற்குத்தான் கிடைத்தது.

அதே ஆண்டு எரிக் ரோமரின் 'மோடுடன் ஓர் இரவு' படத்தில் இவர் நம்ம ஜாதி: மிஷலின் டயர் கம்பெனி இன்ஜினீயர்! கடவுள் நம்பிக்கையை பாஸ்கலின் நிகழ்தகவோடு சேர்த்து வாதிடுவார். எல்லாவற்றையும் கணக்குப் போட்டு வைத்திருப்பவன், ஒரு பனி இரவில் ஒரு பெண்ணின் முன்னால் தடுமாறுகிறான். இன்ஜினீயர்கள் கட்டாயம் பார்க்க வேண்டிய படம்.

1994-ல் கீஸ்லோவ்ஸ்கியின் 'சிவப்பு' படத்தில், அண்டை வீட்டார் போன் பேச்சை ஒட்டுக்கேட்கும் ஓய்வுபெற்ற நீதிபதியாக வந்தார்.

2003-ல் பேரிடி விழுந்தது. நடிகையான மகள் மரீ, உடன் வாழ்ந்தவரால் தாக்கப்பட்டு 41 வயதில் இறந்தார். தந்தையும் மகளும் சேர்ந்து மேடையில் அப்போலினேர் கவிதைகளை வாசித்தவர்கள். அதன்பின் அவர் பல ஆண்டுகள் சினிமா பக்கம் வரவில்லை. ஆனால் மேடையில் கவிதை வாசிப்பதை மட்டும் விடவில்லை.

அவரைத் திரும்ப அழைத்து வந்தவர் மிக்கேல் ஹனேகே. 2012-ல் வந்த 'அமூர்' படத்தில், பக்கவாதத்தில் விழுந்த மனைவிக்குச் சோறூட்டி, தூக்கி உட்காரவைக்கும் எண்பது வயதுக் கணவர். அழுகை, புலம்பல் எதுவும் இல்லை. அந்தக் கிழவர் நடக்கும் நடையிலேயே எல்லாம் தெரிந்துவிடும். படத்துக்குக் கான் விழாவில் தங்கப் பனை. மறு ஆண்டு ஆஸ்கரும், இவருக்கு சீசர் விருதும். 2022 ஜூனில் 91 வயதில் காலமானார்.

அந்தப் படத்தில் வெளியூரிலிருந்து ஒரு மகள் வந்து போவாள். பாசக்காரிதான், கேள்வி கேட்பாள், கவலைப்படுவாள், கிளம்பிவிடுவாள். இங்கே உட்கார்ந்திருக்கும் நம் செட்டில் பாதிப்பேர் அந்த மகள்தான். பெங்களூரிலும் அமெரிக்காவிலும் இருந்துகொண்டு ஞாயிற்றுக்கிழமை போனில், "மாத்திரை சாப்பிட்டீங்களா?" என்று கேட்பவர்கள். "சாப்பிட்டேன்பா, நல்லாத்தான் இருக்கோம்" என்று பதில் வரும். அந்தப் பதிலுக்குப் பின்னால் வீட்டில் என்ன நடக்கிறது என்பதைத்தான் டிரின்டின்யான் காட்டிவிட்டுப் போனார்.

ஊருக்கு வந்திருக்கிறீர்கள். ரிட்டர்ன் டிக்கெட்டை இரண்டு நாள் தள்ளிப்போட முடியுமா என்று பாருங்கள்.