பிடி மாவும் பரம்பரைச் சொத்தும்



ஜப்பான் நாட்டின் வடகிழக்கே இவாத்தே என்றொரு மாநிலம் உண்டு. மலை சூழ்ந்த அந்நாட்டில், கோடைக்காலத்தில் கடலிலிருந்து 'யமாசே' என்னும் குளிர்காற்று வீசுமாயின், நெல் பதராகும். ஊர் பட்டினி கிடக்கும். அவ்வச்சத்தின் நிழல் அவ்வட்டாரத்து மாயக் கதைகளிலும் படிந்திருக்கிறது.

வேளாண்மை அமைச்சில் பணியாற்றிய யனகித்தா குனியோ, டோனோ என்னும் ஊரின் கதைகளைக் கேட்டெழுதி 1910-இல் நூலாக்கினார். அதில் 'ஸாஷிகி வராஷி' என்னும் குழந்தைத் தெய்வம் வருகிறது. அது குடியிருக்கும் வீடு செழிக்கும். நீங்கிய வீடு நொடிக்கும். ஒருநாள் முன்பின் அறியாத சிறுமியர் இருவரை ஒருவன் வழியிற் கண்டான். செல்வக் குடியானவர் ஒருவர் வீட்டை விட்டு வேற்றூர் வீட்டுக்குச் செல்வதாக அவர்கள் கூறினர். சில நாளில் அவ்வீட்டார் இருபதுக்கு மேற்பட்டோர் நச்சுக் காளான் உண்டு ஒரே நாளில் மாண்டனர். விளையாடப் போயிருந்த ஏழு வயதுச் சிறுமி ஒருத்தியே தப்பினாள். உறவினரென்று வந்தோர் வீட்டுப் பொருளையெல்லாம் வாரிச் சென்றனர்.

அப்படியானால் குடும்பத்தின் சொத்து என்று எஞ்சுவது யாது? இவ்வினாவுக்கு விடைபோல அமைந்தவை அதே மாநிலத்தவரான மியாஸாவா கென்ஜியின் வாழ்வும் எழுத்தும். 1896-இல் பிறந்த அவருடைய தந்தைக்கு அடகுக் கடை. ஏழைக் குடியானவரின் நெருக்கடியில் வளர்ந்த அச்செல்வம் மகனின் மனத்தை உறுத்தியது. மூத்த மகனாயிருந்தும் கடையை ஏற்காது வேளாண்மை கற்றார், கற்பித்தார், 1926-இல் ஆசிரியப் பணியைத் துறந்து தாமே மண்வெட்டி பிடித்தார். அயலாரின் வயல்களுக்கு ஊதியமின்றி உரக்கணக்கு எழுதிக் கொடுத்தார். 1933-இல், 37-ஆம் வயதில் மறைந்தார்.

அதற்கு முந்திய ஆண்டு வெளிவந்தது 'குஸ்கோ புதோரியின் வரலாறு' என்னும் அவரது கதை. பஞ்சத்திலே தந்தை காட்டுக்குள் போய்விடுகிறார். அலமாரியிலுள்ள மாவைச் சிறிது சிறிதாக உண்ணுமாறு பிள்ளைகளிடம் சொல்லிவிட்டுத் தாயும் போகிறாள். புதோரி பிறர் வயலில் உழைத்து, படித்து, எரிமலை நிலையத்தில் பணி பெறுகிறான். அவனது 27-ஆம் வயதில் மீண்டும் குளிர் வருகிறது. எரிமலையொன்றை வெடிக்கச் செய்தால், அது கக்கும் கரியமில வாயு நாட்டை வெப்பப்படுத்தும். ஆனால் இறுதிவரை அங்கே நிற்பவர் மீள முடியாது. புதோரியே நிற்கிறான். பயிர் பிழைக்கிறது, தன் வீட்டைப் போலக் கலைந்திருக்கக்கூடிய வீடுகள் கலையாமல் நிலைக்கின்றன.

பிறந்த ஊரை விட்டுத் தொலைவில் வாழும் நம்மிற் பலருக்கு, நிலமும் வீடும் கைக்கு வராமலே போகலாம். ஆயின், பெற்றோர் தாம் உண்ணாது நமக்கென வைத்துச் சென்ற பிடி மாவை எவரும் வாரிச் செல்ல முடியாது. அதைப் பிறர் பிள்ளைகளுக்குத் திருப்பித் தருபவனே உண்மையான வாரிசு என்கிறது இக்கதை.