பட்டினி கிடந்தா எதிர்ப்பு சக்தி கூடுமா? ஆட்டோஃபேஜியும் காசநோயும்

(இது எபிசோடின் எழுத்து வடிவம். படிக்க வசதியாகக் கொஞ்சம் சுருக்கியிருக்கிறோம். பேச்சு நடையை முடிந்தவரை அப்படியே விட்டிருக்கிறோம்.)

இந்த வாரம் ஒரே ஒரு வார்த்தையப் பத்திப் பேசப் போறோம். ஆட்டோஃபேஜி. உங்க நண்பர்கள்ல ஜிம்முக்குப் போற ஒருத்தர் இருந்தாலே போதும், இந்த வார்த்தை உங்க காதுல விழுந்திருக்கும். "பதினாறு மணி நேரம் சாப்பிடாம இரு, ஆட்டோஃபேஜி ஆன் ஆகிடும், உடம்புல இருக்கிற கிருமி, கெட்டுப்போன செல் எல்லாத்தையும் உடம்பே தின்னு முடிச்சிடும்"னு ரீல்ஸ் ஓடிக்கிட்டே இருக்கு. கூடவே, "இதுக்கு நோபல் பரிசே குடுத்திருக்காங்க"ன்னு ஒரு முத்திரை.

நோபல் குடுத்தது உண்மை. செல் கிருமியைத் தின்னுறதும் உண்மை. ஆனா இந்த ரெண்டு உண்மையையும் சேர்த்துத் தைச்சு, "அப்போ பட்டினி கிடந்தா நோய் வராது"ன்னு மூணாவதா ஒண்ணு சொல்றாங்க பாருங்க, அது திருப்பூர் மாதிரி ஒரு ஊர்ல ரொம்ப ஆபத்தான பேச்சு. ஏன் ஆபத்துன்னு படிப்படியா பார்க்கலாம்.

கட்டிங் வேஸ்ட் கணக்கு

நம்ம ஊர் ஆளுங்களுக்கு ஆட்டோஃபேஜியைப் புரிய வைக்கிறது சுலபம். பனியன் கம்பெனியில கட்டிங் டேபிள்ல துணி வெட்டினதும் ஓரத்துல துண்டு துண்டா மிச்சம் விழுமில்லையா, அதை யாரும் குப்பையில போடறதில்ல. வேஸ்ட் கடைக்குப் போகும். அங்க கலர் கலரா பிரிப்பாங்க. அப்புறம் அதைக் கிழிச்சு, மறுபடி பஞ்சாக்கி, ஓ.இ. மில்லுக்கு அனுப்புவாங்க. அங்கிருந்து நூலா திரும்பி வரும். அந்த நூல் இன்னொரு துணியாகும்.

நம்ம உடம்புல ஒவ்வொரு செல்லும் இதே வேலையைச் செய்யுது. பழசான புரதம், பழுதான மைட்டோகாண்ட்ரியா மாதிரி உள்ள கிடக்கிற சாமான்களைச் சுத்தி ரெண்டு சவ்வு போட்ட ஒரு பை உருவாகும். அந்தப் பை போய் லைசோசோம்னு இன்னொரு பையோட சேரும். லைசோசோமுக்குள்ள அமிலமும் என்சைமும் இருக்கு. உள்ள வந்ததை அக்குவேறா பிரிச்சு, அமினோ அமிலமா திருப்பிக் குடுத்துடும். செல் அதை வெச்சுப் புதுசா கட்டிக்கும்.

பெல்ஜியம் நாட்டு விஞ்ஞானி கிறிஸ்டியன் டி டூவ் 1963ல இதுக்கு ஆட்டோஃபேஜின்னு பேர் வெச்சார். கிரேக்க மொழியில "தன்னைத் தானே தின்னுறது"ன்னு அர்த்தம். தமிழ்ல தன்னுண்ணல்னு எழுதறாங்க. இது எப்படி நடக்குது, எந்த ஜீன் இதை ஓட்டுதுன்னு கண்டுபிடிச்சது ஜப்பான்காரர் யோஷினோரி ஓசுமி. சாதாரண ஈஸ்ட்டைப் பட்டினி போட்டு மைக்ராஸ்கோப்ல பார்த்தார். 1993ல இதுக்குத் தேவையான 15 ஜீன்களை வெளியிட்டார். 2016ல அவருக்குத்தான் மருத்துவ நோபல்.

இந்த "பட்டினி" கதை எங்கிருந்து வந்ததுன்னு இப்போ தெரியுதா? வெளியில இருந்து சத்து வரலன்னா, செல் உள்ள இருக்கிற சரக்கை உடைச்சு ஓட்டும். அதனால அப்போ தன்னுண்ணல் வேகமாகும். அது வரைக்கும் சரி.

குடோனுக்குள்ள ஒளிஞ்சிருக்கிற கிருமி

இனி எதிர்ப்பு சக்திக்கு வருவோம். இந்தப் பை உள்ள இருக்கிற குப்பையை மட்டும் பிடிக்கிறதில்ல. வெளியில இருந்து செல்லுக்குள்ள நுழைஞ்ச கிருமியையும் பிடிக்கும். இதுல உலகமே உத்துப் பார்க்கிற உதாரணம் காசநோய்க் கிருமி. உலகத்துல காசநோய் வர்றவங்கள்ல ஏறக்குறைய நாலுல ஒருத்தர் இந்தியாவுல இருக்கார். அதனால இது நம்ம வீட்டுக் கதை.

காசநோய்க் கிருமி மூச்சு வழியா நுரையீரலுக்குப் போனதும், அங்க காவலுக்கு நிக்கிற மேக்ரோஃபேஜ்ங்கிற செல் அதை முழுங்கிடும். வழக்கமா, முழுங்கின கிருமி இருக்கிற பை லைசோசோமோட சேரும், கிருமி செத்துடும். ஆனா இந்தக் கிருமி கில்லாடி. ரெண்டு பையும் சேர விடாம தடுத்துடும். தன்னைக் கொல்ல வந்த செல்லுக்குள்ளேயே வீடு எடுத்துத் தங்கிடும். வருஷக்கணக்கா.

2004ல செல் என்கிற ஆய்விதழ்ல ஒரு கட்டுரை வந்தது. அமெரிக்காவுல வோயோ டெரெடிச்சோட ஆய்வகம், முதல் ஆசிரியர் மாக்சிமிலியானோ குட்டியரெஸ். அவங்க என்ன பண்ணினாங்கன்னா, கிருமி உள்ள இருக்கிற மேக்ரோஃபேஜ்ல தன்னுண்ணலைத் தூண்டி விட்டாங்க. கிருமியோட தடுப்பு வேலை உடைஞ்சது. ரெண்டு பையும் சேர்ந்தது. கிருமி குறைஞ்சது.

தூண்டினது எப்படி? மூணு வழி. ஒண்ணு, செல்லுக்குச் சத்தில்லாத திரவத்தைக் குடுத்துப் பட்டினி போட்டாங்க. ரெண்டு, ராபாமைசின்னு ஒரு மருந்து. மூணு, இன்டர்ஃபெரான் காமா. இந்த மூணாவதை மனசுல வெச்சுக்கோங்க, இன்னிக்கு நம்ம விஷயமே அதுலதான் இருக்கு.

எங்க தப்பு நடக்குது

ரீல்ஸ் போடறவங்க முதல் வழியை மட்டும் எடுத்துக்கறாங்க. "பட்டினி போட்டா கிருமி சாகுது." ஆனா பட்டினி போட்டது யாரை? ஒரு கண்ணாடித் தட்டுல இருக்கிற செல்லை, சில மணி நேரம். முழு மனுஷனை இல்ல.

முழு மனுஷனுக்குள்ள மேக்ரோஃபேஜ் தனியா முடிவெடுக்கிறதில்ல. டி செல்னு இன்னொரு பிரிவு இருக்கு. அது வந்து இன்டர்ஃபெரான் காமாங்கிற சிக்னலைக் குடுத்தாதான் மேக்ரோஃபேஜ் முழு வேகத்துல சண்டை போடும். தன்னுண்ணலும் அந்த சிக்னல்லதான் முடுக்கிவிடப்படுது. டி செல் ஒண்ணு ரெண்டாகி, ரெண்டு நாலாகிப் பெருகறதுக்குப் புரதம் வேணும், சக்தி வேணும். மாசக்கணக்கா சரியா சாப்பிடாத உடம்புல டி செல் குறையும், சிக்னல் பலவீனமாகும். சாஃப்ட்வேர் பாஷையில சொன்னா, ஒரு ஃபங்ஷனைத் தனியா டெஸ்ட் பண்ணும்போது பாஸ் ஆகுது. ஆனா அதைக் கூப்பிட வேண்டிய சர்வீஸே டவுன். அப்போ முழு சிஸ்டம் எப்படி ஓடும்?

ஆட்டோஃபேஜி கூடக் கூட நல்லதுன்னும் நினைச்சுடாதீங்க. 2015ல நேச்சர்ல வந்த ஒரு ஆய்வுல, எலிகள்ல தன்னுண்ணல் ஜீன்களை ஒவ்வொண்ணா எடுத்துப் பார்த்தாங்க. ஏ.டி.ஜி.5ங்கிற ஒரே ஜீனை எடுத்தப்போ மட்டும் எலிகள் காசநோய்ல சீக்கிரம் செத்துப்போச்சு. மத்த பல ஜீன்களை எடுத்தப்போ பெரிய மாற்றமில்ல. அதாவது அந்த ஜீன் செஞ்சது வெறும் "கிருமியைத் தின்னுற" வேலை இல்ல. நியூட்ரோஃபில்ங்கிற வெள்ளை அணுக்கள் அளவுக்கு மீறிக் கொந்தளிச்சு நுரையீரலையே சேதப்படுத்தாம பார்த்துக்கிற வேலை. அப்புறம் 2023ல, மனித மேக்ரோஃபேஜ்கள்ல ஏ.டி.ஜி.7, ஏ.டி.ஜி.14 ஜீன்கள் கிருமியைக் கட்டுப்படுத்துறதா குட்டியரெஸோட லண்டன் ஆய்வகம் காட்டியது. ஒரு கேள்விக்கு இருபது வருஷமா விடை இப்படித் திருந்திக்கிட்டே வருது. முப்பது செகண்ட் வீடியோவுல இது அடங்காது.

சென்னையில நடந்த சோதனை

"சரி, பட்டினி வேண்டாம். மருந்தால தூண்டினா?" நல்ல கேள்வி. இதைச் சோதிச்சுப் பார்த்தது நம்ம சென்னை சேத்துப்பட்டுல இருக்கிற தேசிய காசநோய் ஆராய்ச்சி நிறுவனம், என்.ஐ.ஆர்.டி.

மெட்ஃபார்மின் எல்லாருக்கும் தெரிஞ்ச சர்க்கரை மாத்திரை. அது செல்லுக்குள்ள ஏ.எம்.பி.கே.ங்கிற சுவிட்சைத் தட்டும். "சக்தி குறையுது"ன்னு செல்லுக்கு ஒரு பொய்த் தகவல் போகும், தன்னுண்ணல் கூடும். 2014ல சிங்கப்பூர் ஆய்வாளர்கள், இது எலிகள்ல காசநோய் மருந்துக்குத் துணையா நிக்குதுன்னு காட்டினாங்க. உடனே பெரிய எதிர்பார்ப்பு.

என்.ஐ.ஆர்.டி. சர்க்கரை நோய் இல்லாத 322 காசநோயாளிகளை ரெண்டு குழுவா பிரிச்சாங்க. ஒரு குழுவுக்கு வழக்கமான மருந்து. இன்னொரு குழுவுக்கு அதோட எட்டு வாரம் மெட்ஃபார்மின். 2022ல முடிவு வெளிவந்தது. சளியில கிருமி மறைய ஆன காலத்தோட இடைநிலை அளவு, மெட்ஃபார்மின் குழுவுல 42 நாள். வழக்கமான குழுவுல 41 நாள். வித்தியாசமே இல்லன்னு சொல்லலாம். ஆனா ரத்தத்துல அழற்சியைக் காட்டுற அளவுகள் மெட்ஃபார்மின் குழுவுல குறைஞ்சது, எக்ஸ்ரேயில நுரையீரலும் கொஞ்சம் கூடுதலா தேறியிருந்தது.

கிருமியை வேகமா கொல்லல, ஆனா சேதத்தைக் குறைக்குது போல. எலியில வேலை செஞ்சது மனுஷன்ல அப்படியே வேலை செய்யணும்னு கட்டாயம் இல்ல. அதை நம்ம ஊர் நிறுவனமே ஒழுங்கா சோதிச்சு, வந்த விடையை அப்படியே வெளியிட்டாங்க. எனக்கு இதுல பெரிய மரியாதை.

சாப்பாடு என்ன செஞ்சது

இப்போ பட்டினிக்கு நேரெதிர் சோதனைக்கு வருவோம். சாப்பாடு குடுத்தா என்ன ஆகும்? 2019ல இருந்து 2022 வரைக்கும் ஜார்க்கண்ட்ல நாலு மாவட்டத்துல நடந்த ஆய்வு. பேரு ரேஷன்ஸ். என்.ஐ.ஆர்.டி. ஆய்வாளர்களும் இதுல உண்டு. 2,800 நோயாளிகள், அவங்க வீட்டுல கூட இருக்கிற 10,345 பேர். எல்லா நோயாளிக்கும் சத்துணவு மூட்டை போச்சு. பாதிப் பகுதிகள்ல மட்டும் வீட்டுல இருக்கிற மத்தவங்களுக்கும் போச்சு. ஒரு ஆளுக்கு ஒரு நாளைக்கு 750 கலோரி, 23 கிராம் புரதம், கூட விட்டமின் மாத்திரை.

வீட்டாருக்கும் சாப்பாடு போன இடங்கள்ல, புதுசா காசநோய் வர்றது 39 சதவீதம் குறைஞ்சது. அடுத்தவங்களுக்குப் பரவக்கூடிய வகை 48 சதவீதம் குறைஞ்சது. ஊசி இல்ல, புது மருந்து இல்ல. அரிசி, பருப்பு.

தமிழ்நாட்டுலயும் இதே பாடம்தான். 2022 ஏப்ரல்ல தொடங்கின காசநோய் இறப்பில்லா திட்டத்துல, நோய் தெரிஞ்சதும் எடை, உயரம், மூச்சு, நிக்க முடியுதாங்கிறதைப் பார்க்கறாங்க. பி.எம்.ஐ. 14 அல்லது அதுக்குக் கீழன்னா ஆளை உடனே ஆஸ்பத்திரியில சேர்க்கணும். எடை குறைவு அங்க ஆபத்தோட அறிகுறி.

ஒன்றரை ஷிப்ட்டும் லைன் வீடும்

இப்போ திருப்பூருக்கு வாங்க. காலையில எட்டரைக்கு உள்ள போனா, ஒன்றரை ஷிப்ட் முடிச்சு ராத்திரி எட்டரைக்கு வெளிய வர்ற ஊரு இது. ஷிப்மென்ட் நெருங்கினா அதுக்கும் மேல. காலையில ஒரு டீ, பன்னு. மதியம் அவசரமா ரெண்டு வாய். பதினாறு மணி நேரம் சாப்பிடாம இருக்கிறதுக்கு இங்க யாரும் ஆப் டவுன்லோட் பண்ண வேண்டியதில்ல. ஆர்டர் முடியணும்ங்கிற அவசரமே அதைச் செஞ்சுடும்.

லைன் வீட்டுல ஒரே ரூம்ல நாலஞ்சு பேரு. ஜன்னல் சின்னது. அதுல பாதிப்பேர் ஒடிசா, பீகார், அதே ஜார்க்கண்ட்ல இருந்து வந்த பசங்க. "வீட்டுல கூட இருக்கிறவங்க"ன்னு ஆய்வுல சொன்னாங்களே, இங்க அது அம்மா அப்பா இல்ல, ரூம்மேட். ஒருத்தருக்கு நோய் வந்தா மிச்ச நாலு பேரையும் யாரு டெஸ்டுக்குக் கூட்டிட்டுப் போறது? லீவு போட்டா அந்த வாரச் சம்பளத்துல பிடிப்பாங்களேன்னு பயம். விஷயம் தெரிஞ்சா ரூமைக் காலி பண்ணச் சொல்லிடுவாங்களோன்னு அதைவிடப் பெரிய பயம்.

இந்த ஊர்ல போய், "பட்டினி கிடங்க, எதிர்ப்பு சக்தி கூடும்"னு சொன்னா, யாரு கேட்பாங்கன்னு யோசிச்சுப் பாருங்க. ஏற்கெனவே 45 கிலோ இருக்கிற ஒரு பொண்ணு, இருமலோட செக்கிங் டேபிள்ல நிக்கிற ஒரு பொண்ணு, அதைக் கேட்டுட்டு ராத்திரிச் சாப்பாட்டையும் விடலாம். அப்படிக் கேட்கிறவங்களுக்கு நோபல் பரிசுப் பேரைச் சொல்றது நியாயமே இல்ல.

உடல் பருமன் இருக்கிற, நல்லா சாப்பிடுற ஒருத்தர், டாக்டர்கிட்ட கேட்டுட்டு நேரம் பார்த்துச் சாப்பிட்டா எடை குறையலாம். அது தனிக்கதை. விரதம் இருக்கிறவங்க விரதத்தையும் நான் குறை சொல்லல. ஆனா எடை குறைவா இருக்கிறவங்க, காசநோய் சிகிச்சையில இருக்கிறவங்க, சர்க்கரைக்கு இன்சுலின் போடறவங்க, கர்ப்பமா இருக்கிறவங்க, இவங்க யாரும் ரீல்ஸ் பார்த்துப் பட்டினி கிடக்கக் கூடாது.

கடைசியா, எழுதி வெச்சுக்க வேண்டிய நாலு விஷயம். ரெண்டு வாரத்துக்கு மேல இருமல், சாயங்காலக் காய்ச்சல், காரணமில்லாம எடை குறையுது, இதுல எது இருந்தாலும் பக்கத்து ஆரம்ப சுகாதார நிலையத்துக்குப் போங்க, பரிசோதனை இலவசம். சிகிச்சையும் இலவசம், வழக்கமா ஆறு மாசம், நடுவுல நிறுத்தக் கூடாது. சிகிச்சையில இருக்கும்போது சத்துணவுக்காக மாசம் 1,000 ரூபாய் வங்கிக் கணக்குக்கு வரும். 2024 நவம்பர்ல இருந்து இந்தத் தொகை, அதுக்கு முன்னாடி 500. சந்தேகம்னா 1800-11-6666, இலவச அழைப்பு.

இந்த எபிசோடை ஃபாஸ்டிங் ஆப் வெச்சிருக்கிற நண்பருக்கு அனுப்புங்க. அதைவிட முக்கியமா, பக்கத்து ரூம்ல ரொம்ப நாளா இருமிக்கிட்டு இருக்கிறவர்கிட்ட ஒரு வார்த்தை கேளுங்க: "டெஸ்ட் எடுத்தீங்களா? சாப்பிட்டீங்களா?" அடுத்த வாரம் பார்ப்போம்.