தட்டில் அமர்ந்த இணைப்புள்

குறியீடு என்றவுடன் கவியுள்ளம் மலரை நாடும், நிலவை நாடும். சோற்றுத் தட்டை நாடுவதில்லை. ஹாங்காங் திருமண விருந்துகளின் இறுதிப் பகுதியில் பரிமாறப்பெறும் யுவான்யாங் வறுத்த சோறு, கவிஞர் கண்ணில் படவேண்டிய பண்டமாகும்.

முட்டையிட்டு வறுத்த சோற்றைப் பரப்பி, ஒரு பாதியில் இறாலிட்ட வெண்குழம்பும் மறு பாதியில் கோழியிட்ட தக்காளிக் குழம்பும் ஊற்றுவர். இடையே வளைந்தோடும் எல்லை யின்-யாங் வட்டத்தை நினைவூட்டும். (அந்த யாங் வேறு, இந்த யாங் வேறு, எழுத்தும் வேறு.) யுவான்யாங் என்பது மாண்டரின் வாத்தின் பெயர். யுவான் ஆண், யாங் பெண். இரண்டு எழுத்துகளின் அடியிலும் பறவையைக் குறிக்கும் உறுப்பே அமைந்திருக்கிறது.

ஷிஜிங் தொகையிலேயே இப்பறவையின் பெயர் தாங்கிய பாட்டு உண்டு. பழம்பாடல்களில் உடன்பிறந்தாரையும் குறித்த இப்பெயர், பின்னர்க் கணவன் மனைவியர்க்கே உரியதாய் நிலைத்தது. ‘மயில் தென்கிழக்கே பறக்கிறது’ என்னும் நெடும்பாட்டில் மாமியார் மருமகளை விரட்டுகிறாள். பிறந்தகத்தார் மறுமணத்துக்கு வற்புறுத்த, அவள் நீரில் மூழ்கி மாள்கிறாள். செய்தி அறிந்த கணவனும் உயிர்விடுகிறான். அவர்தம் கல்லறை மரங்களில் இந்த இணைப்புட்கள் இரவுதோறும் கூவுகின்றன. தமிழின் அன்றில் துணை இறந்தால் தானும் இறக்கும். சீனத்து இணைப்புள்ளோ இறந்தார்க்குப் பின்னும் பாடுகிறது.

பறவை நூலார் கூறுவது வேறு. பெண் வாத்து அடைகாக்கத் தொடங்கியபின் ஆண் பெரும்பாலும் விலகிச் சென்றுவிடும். மரப்பொந்திலிருந்து குதிக்கும் குஞ்சுகளை நீருக்கு அழைத்துச் செல்பவள் தாய் ஒருத்தியே. இதனால் கவிதை பொய்யாகிவிடுமா? ஆகாது. குளத்தில் அருகருகே நீந்திய இணையைக் கவிஞர் கண்டனர். கண்டதை வாழ்நாள் முழுமைக்கும் நீட்டினர். ஆயினும் இல்லறத்தின் பாரம் பெண்மேல் விழுவதில் பறவையும் பாட்டும் ஒத்துப்போவதை அவ்வளவு எளிதாகக் கடந்துவிட இயலவில்லை. பாட்டிலும் முதலில் மாள்பவள் அவளே.

தட்டிலும் ஒரு முரண் உண்டு. சீன மரபில் வெண்மை துக்கத்தின் நிறம், சிவப்பே மங்கலம். அவ்வெண்மை மணவிருந்தில் சிவப்போடு சரிபாதியாய் அமர்ந்தது எவ்வாறு? பாலும் வெண்ணெயும் மாவும் கூடிய வெண்குழம்பு மேலைச் சமையலின் வரவு. ஹாங்காங்கோ 1997 வரை ஆங்கிலேயர் ஆண்ட நகரம். அயற்சுவை நுழைந்தபோது பழைய விலக்கு சற்றே விலகி நின்றது போலும். அதே நகரில் தேநீரும் காப்பியும் கலந்த பானத்துக்கும் யுவான்யாங் என்றே பெயர். அதில் எல்லைக்கோடு கிடையாது.